கீரிமலைக் காணி வழக்கில் தோற்றால்: மேன்முறையீட்டுக்கு எதற்கு, எப்போது பணம் கட்டவேண்டும்?

1990 ஜூன் 15ஆம் திகதி வலிகாமம் வடக்கிலிருந்து வெளியேறிய கீரிமலைக் குடும்பங்கள் பல, தங்கள் காணியை மறுபடி பார்ப்பதற்கு இருபது ஆண்டுகளுக்கு மேல் காத்திருந்தன. சிலர் இன்னும் காத்திருக்கிறார்கள். கட்டம் கட்டமாகக் காணிகள் விடுவிக்கப்பட்டபோது வேலி இருக்கவில்லை, எல்லைக்கல் இருக்கவில்லை, பலரிடம் உறுதியும் இருக்கவில்லை. உறுதி இருந்தவர்களுக்கும், அதில் எல்லையாக எழுதப்பட்ட கிணறும் பனையும் நிலத்தில் இல்லை. இராணுவத்தோடு இருந்த பிரச்சினை ஒருவாறு தீர்ந்த இடத்தில், அயலவரோடும் உறவினரோடும் வழக்குத் தொடங்கியது.

அண்ணன் கனடாவில், தம்பி கோணப்புலம் முகாமில், சகோதரியின் பிள்ளைகள் தமிழ்நாட்டில் என்று சிதறிப்போன குடும்பத்தில் நான்கு பரப்புக் காணிக்கும் ஐந்து பங்காளிகள் இருப்பார்கள். பிரிவிடல் வழக்கு, உரித்து வழக்கு, பாதை வழக்கு என்று இவை பெரும்பாலும் மல்லாகம் மாவட்ட நீதிமன்றத்துக்கே போகின்றன. ஆண்டுக்கணக்கில் நடந்து ஒருநாள் தீர்ப்பு வரும். ஒரு தரப்பு தோற்கும்.

தோற்றவர் வீட்டில் அன்றைக்குப் பேசப்படுவது தீர்ப்பின் நியாய அநியாயம். மேன்முறையீடு பெரும்பாலும் அந்த நியாய அநியாயத்தில் தோற்பதில்லை. அது விசாரணைக்கு எடுக்கப்படுவதற்கு முன்னரே, ஒரு முத்திரையிலோ, ஒரு பிணைத் தொகையிலோ, ஒரு பதிவுத் தபால் பற்றுச்சீட்டிலோ, பதினைந்தாவது நாளிலோ தோற்றுப்போகிறது. ஆகவே இந்தக் கட்டுரை பணத்தையும் நாளையும் பற்றியது.

முதலில் ஒரு குழப்பத்தை நீக்கவேண்டும். வலிகாமம் வடக்கில் 6,381 ஏக்கர் காணியைச் சுவீகரிப்பதற்கு 2013 ஏப்ரலில் அறிவித்தல் ஒட்டப்பட்டபோது, இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட காணி உரிமையாளர்கள் கொழும்பு மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்குச் சென்றார்கள். நீதிமன்றத்தின் பெயரில் ‘மேன்முறையீடு’ இருந்தாலும் அவை மேன்முறையீடுகள் அல்ல. அரச அதிகாரத்துக்கு எதிரான எழுத்தாணை மனுக்கள். அதேபோல, சுவீகரிக்கப்பட்ட காணிக்குத் தீர்மானிக்கப்பட்ட நட்டஈடு போதாது என்றால், 1950ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கக் காணி சுவீகரிப்புச் சட்டத்தின்படி மீளாய்வுச் சபைக்குத்தான் முதலில் போகவேண்டும். அங்கே காலம் 21 நாள். அந்த வழிகளுக்கு வேறு விதிகள். இங்கே சொல்லப்படுவது மாவட்ட நீதிமன்றத்தில் ஆளுக்கு ஆள் நடந்த குடியியல் வழக்கின் மேன்முறையீட்டைப் பற்றி மட்டுமே.

இலங்கையில் இதை ஆள்வது 1889ஆம் ஆண்டிலிருந்து வரும் குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவை. அதன் 754, 755ஆம் பிரிவுகளைச் சட்டத்தரணி அல்லாத ஒருவரும் தெரிந்து வைத்திருப்பது நல்லது. மேன்முறையீடு இரண்டு படிகளில் நடக்கிறது. முதற்படி மேன்முறையீட்டு அறிவித்தல். இரண்டாவது மேன்முறையீட்டு மனு. இரண்டையும் தாக்கல் செய்யும் இடம் தீர்ப்பளித்த அதே நீதிமன்றம்தான். யாழ்ப்பாணத்துக்கோ கொழும்புக்கோ ஓடவேண்டியதில்லை. மல்லாகத்தில் தீர்ப்பென்றால் மல்லாகப் பதிவாளரிடமே இரண்டும் போகும். பிறகு அந்த நீதிமன்றமே வழக்கேட்டை மேலே அனுப்பும்.

அறிவித்தலுக்கு 14 நாள். மனுவுக்கு 60 நாள். இந்த இரண்டு எண்களும் ஒரே மாதிரி எண்ணப்படுவதில்லை. அங்கேதான் பலர் வழுக்குகிறார்கள். 14 நாளை எண்ணும்போது தீர்ப்பு நாளையும், அறிவித்தல் கொடுக்கும் நாளையும், ஞாயிற்றுக்கிழமைகளையும், பொது விடுமுறைகளையும் விட்டுவிடலாம். சனிக்கிழமை கணக்கில் சேரும். 60 நாளுக்கு அந்தச் சலுகை இல்லை. ஞாயிறும் போயாவும் எல்லாம் உள்ளடக்கம்.

ஒரு தீர்ப்பு 2025 ஜூலை 1, செவ்வாய்க்கிழமை வாசிக்கப்பட்டது என்று வைத்துக்கொள்வோம். 2ஆம் திகதியிலிருந்து எண்ணவேண்டும். 6ஆம், 13ஆம் திகதிகள் ஞாயிறு. 10ஆம் திகதி எசல போயா. அவற்றைக் கழித்தால் பதினான்காவது நாள் ஜூலை 18, வெள்ளிக்கிழமை. அதற்குள் அறிவித்தல் உள்ளே போயிருக்கவேண்டும். 60ஆவது நாள் ஓகஸ்ட் 30. அது சனிக்கிழமை, ஆகவே 29ஆம் திகதி வெள்ளிக்கிழமையையே கடைசி நாளாக நினைத்து வேலை செய்வதுதான் புத்தி. அந்த இடைவெளிக்குள்தான் கீரிமலையில் ஆடி அமாவாசைத் தீர்த்தமும் வருகிறது, நல்லூர்த் திருவிழாவும் வருகிறது. ‘நல்லூர் முடியட்டும், பார்க்கலாம்’ என்று தள்ளிவைக்கும் பழக்கம் எங்களிடம் உண்டு. அறுபது நாள் கடந்த மனுவை நீதிமன்றம் ஏற்க மறுக்கவேண்டும் என்று 755ஆம் பிரிவு கட்டளையாகவே சொல்கிறது.

இனிப் பணம். மேன்முறையீட்டு மனுவுக்குத்தான் பெரிய முத்திரை ஒட்டவேண்டும், அதற்கு இரண்டு மாதம் இருக்கிறது, அதற்குள் காசு புரட்டலாம் என்பது ஊரில் பரவலான எண்ணம். சட்டம் நேர்மாறாக இருக்கிறது. 755(3)ஆம் பிரிவின்படி மேன்முறையீட்டு மனு முத்திரைத் தீர்வையிலிருந்து விலக்களிக்கப்பட்டது. முத்திரை ஒட்டவேண்டியது அறிவித்தலுக்கு. அதாவது, செலவு முதல் 14 நாளுக்குள் வந்து நிற்கிறது. வெளிநாட்டிலிருந்து அண்ணன் அனுப்பும்வரை பொறுத்திருக்க அங்கே இடமில்லை.

முத்திரையின் அளவு வழக்கின் பெறுமதியைப் பொறுத்தது. வழக்குரையில் காணிக்கு என்ன பெறுமதி எழுதப்பட்டதோ, அது கடைசிவரை பின்தொடரும். வழக்குப் போடும் நாளில் ‘ஏதோ ஒரு தொகை’ என்று கையெழுத்து வைத்தவர்கள் தீர்ப்பு நாளில்தான் அந்தத் தொகையைத் தேடிப் பார்க்கிறார்கள். வழக்குரையின் பிரதி ஒன்றை வீட்டில் வைத்திருங்கள்.

இந்த முத்திரைப் பணம் எங்கே போகிறது என்பதைக் கேட்டால் சிலருக்கு வியப்பாக இருக்கும். 13ஆம் திருத்தத்தின் மாகாண சபைப் பட்டியலில், நீதிமன்றக் கட்டணங்களும் நீதிமன்றத்தில் சமர்ப்பிக்கப்படும் ஆவணங்களுக்கான முத்திரைக் கட்டணங்களும் மாகாணத்தின் வருமான மூலங்களாகக் குறிக்கப்பட்டுள்ளன. மல்லாகத்தில் ஒட்டும் முத்திரை வட மாகாணத்தின் கணக்கு. 2018 ஒக்ரோபரில் வட மாகாண சபையின் காலம் முடிந்தபின் தேர்தல் நடக்கவில்லை. கட்டுகிறவர்கள் நாங்கள், அந்தக் கட்டணங்களைப் பற்றிப் பேசுவதற்கு எங்களால் தெரிவுசெய்யப்பட்ட சபை இல்லை.

முத்திரையோடு சேர்த்து அறிவித்தலுடன் போகவேண்டியவை இன்னும் இரண்டு. ஒன்று, எதிர்த்தரப்பின் மேன்முறையீட்டுச் செலவுக்கான பிணை. நீங்கள் மேன்முறையீட்டிலும் தோற்றால், மற்றவர் அதற்காகச் செலவழித்த பணத்துக்கு ஒரு உத்தரவாதம் என்பதே இதன் பொருள். இது கட்டணம் அல்ல. அரசுக்குப் போகும் பணமும் அல்ல. தொகையும் வடிவமும் நீதிமன்ற விதிகளால் நிர்ணயிக்கப்பட்டவை. மற்றத் தரப்போ அவருடைய பதிவுபெற்ற சட்டத்தரணியோ ‘பிணை வேண்டாம்’ என்று எழுத்தில் ஒப்பமிட்டுக் கொடுத்தால் அதுவே போதும். கோபத்தில் இருக்கும் பங்காளி அப்படிக் கொடுப்பாரா என்று கேட்கலாம். வழக்கு மட்டும்தான் பகை, கலியாண வீட்டில் ஒன்றாகச் சாப்பிடுகிறோம் என்ற குடும்பங்களும் இருக்கின்றன. கேட்டுப் பார்ப்பதில் நட்டமில்லை.

மற்றது, அறிவித்தலின் பிரதி எதிர்த்தரப்புக்குக் கொடுக்கப்பட்டதற்கான சான்று. அவர் பெற்றுக்கொண்டேன் என்று எழுதித் தந்த கடிதம், அல்லது பதிவுத் தபால் பற்றுச்சீட்டு. சில ரூபாய்ச் செலவுதான். ஆனால் பிரிவிடல் வழக்கில் பதினைந்து, இருபது எதிராளிகள் இருப்பார்கள். அவர்களில் ஒருவரை விட்டுவிட்டாலும் அங்கேயே ஆட்சேபனை எழும். பற்றுச்சீட்டுகளைச் சட்டத்தரணியின் எழுதுவினைஞரிடம் கொடுத்துவிட்டு மறந்துவிடாமல், படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.

இவ்வளவு கண்டிப்பு ஏன்? பழைய இலங்கைச் சட்ட அறிக்கைகளைப் புரட்டினால் தெரியும். மேன்முறையீட்டோடு சேர்த்துக் கொடுக்கவேண்டிய முத்திரைகள் உரிய நேரத்தில் கொடுக்கப்படவில்லை என்பதற்காகவே மேன்முறையீடுகள் தள்ளப்பட்டன. 1919இல் சதாசிவம் எதிர் கதிரவேல் செட்டி, 1935இல் சட்டமா அதிபர் எதிர் கருணாரத்ன என்பவை அந்த வரிசையில் அடிக்கடி எடுத்துக் காட்டப்படுபவை. முத்திரை குறைந்தால் பிறகு நிரப்பவும் முடியாது என்ற அளவுக்கு அக்காலத்துப் பார்வை கடுமையாக இருந்தது. இன்றைய சட்டக்கோவையில் 759(2)ஆம் பிரிவு இருக்கிறது. மேன்முறையீட்டாளர் தவறு, விடுபடல், குறைபாடு எதையேனும் செய்திருந்து, அதனால் எதிர்த்தரப்புக்குப் பாரதூரமான பாதிப்பு இல்லையென்றால், நீதியானதென்று தோன்றும் நிபந்தனைகளோடு நிவாரணம் வழங்க மேல் நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. இது நல்ல மாற்றம். என்றாலும் இதை நம்பிக் காரியத்தைப் பிந்தவிடுவது, இடிந்த மதிலை நம்பி அதில் சாய்வது போன்றது. நிவாரணம் நீதிமன்றத்தின் தற்றுணிபு. உங்கள் உரிமை அல்ல. அதைப் பெறவும் வாதாடவேண்டும், வாதாடவும் பணம் வேண்டும்.

பணத்தோடு சம்பந்தமில்லாதது போலத் தோன்றினாலும் பணத்தை வீணாக்கும் இன்னொரு விடயம், சட்டத்தரணியை மாற்றுவது. தோற்றவுடன் முதல் வேலையாகப் பழைய சட்டத்தரணியைத் திட்டிவிட்டுப் புதியவரிடம் போகிறோம். அது உங்கள் உரிமை. ஆனால் ‘பிறொக்ஸி’ என்று நாங்கள் சொல்லும் நியமனப் பத்திரம் நீதிமன்ற ஏட்டில் பழையவர் பெயரிலேயே இருக்கும்வரை, அறிவித்தலில் ஒப்பமிடக்கூடியவர் அவர்தான். புதியவர் ஒப்பமிட்டாலும், ஏன், நீங்களே ஒப்பமிட்டாலும், அது செல்லாது என்று எமது நீதிமன்றங்கள் பலமுறை சொல்லியிருக்கின்றன. முத்திரையும் பிணையும் கட்டி, கையெழுத்தில் எல்லாம் போய்விடும். நீதிமன்றத்தின் அனுமதியோடு பழைய நியமனத்தை நீக்கி, புதியதைப் பதிந்து, பிறகே அறிவித்தலைக் கொடுக்கவேண்டும். அதுவும் அந்த 14 நாளுக்குள். நேரம் போதாதென்றால், பழைய சட்டத்தரணியிடமே அறிவித்தலுக்கு மட்டும் ஒப்பம் வாங்கிவிட்டு, மனுவுக்கு முன் மாற்றிக்கொள்வது பல சண்டைகளைத் தவிர்க்கும்.

நீதிமன்றம் சொன்னது தீர்ப்பா கட்டளையா என்பதும் பார்க்கவேண்டியது. வழக்கு முடியாமல் நடுவில் வழங்கப்படும் கட்டளைக்கு எதிராக மேலே சொன்ன வழியில் போகமுடியாது. அதற்கு அனுமதி கேட்கும் மனுவை, சத்தியக்கடதாசியோடும் முத்திரையோடும், 14 நாளுக்குள் நேரடியாக மேலே உள்ள நீதிமன்றத்துக்கே கொடுக்கவேண்டும். எது தீர்ப்பு, எது கட்டளை என்பதில் சட்டத்தரணிகளே நீண்ட காலம் தடுமாறினார்கள். 2010இல் ராஜேந்திரன் செட்டியார் எதிர் நாராயணன் செட்டியார் வழக்கில் உயர் நீதிமன்றத்தின் ஐந்து நீதியரசர்கள் ஒரு வழிகாட்டலை உறுதிப்படுத்தினார்கள்: கேட்கப்பட்ட விடயத்தை நீதிமன்றம் எந்தப் பக்கம் தீர்த்திருந்தாலும் வழக்கு முழுமையாக முடிந்திருக்குமா? ஆம் என்றால் தீர்ப்பு, இல்லையென்றால் கட்டளை. ‘வழக்குக் காலாவதியானது’ என்று ஆரம்ப ஆட்சேபனையில் உங்கள் வழக்குத் தள்ளப்பட்டால், உங்களைப் பொறுத்தவரை வழக்கு முடிந்துவிட்டது. ஆனால் அந்த ஆட்சேபனை மறுக்கப்பட்டிருந்தால் வழக்கு தொடர்ந்திருக்கும். ஆகவே அது கட்டளை. தவறான கதவில் முத்திரையோடு நிற்கக்கூடாது.

அறிவித்தலும் மனுவும் சரியாகப் போனபின் வழக்கேடு மேலே போகும். 2006ஆம் ஆண்டின் 54ஆம் இலக்கச் சட்டத்துக்கு முன், யாழ்ப்பாணத்துக் காணி வழக்கின் மேன்முறையீடு கொழும்பிலேயே நடந்தது. போர்க்காலத்தில் அதன் பொருள் என்னவென்று எமது வாசகர்களுக்குச் சொல்லவேண்டியதில்லை. வழக்குத் தவணைக்காக ஓமந்தையைக் கடந்தவர்கள் இன்னும் இருக்கிறார்கள். அந்தச் சட்டம் மாகாண மேல் நீதிமன்றங்களுக்குக் குடியியல் மேன்முறையீட்டு நியாயாதிக்கத்தைக் கொடுத்தது. இப்போது மல்லாக வழக்கின் மேன்முறையீடு யாழ்ப்பாணத்திலேயே கேட்கப்படுகிறது. பயணச் செலவும் சட்டத்தரணியின் நாட்செலவும் குறைந்தன. முத்திரையை விட இது பெரிய சேமிப்பு.

இங்கே அடுத்த செலவு வருகிறது: வழக்கேட்டுப் பிரதிகளுக்கான கட்டணம். சாட்சியங்கள், ஆவணங்கள், தீர்ப்பு எல்லாவற்றையும் கொண்ட பிரதியைத் தயாரிக்கக் கட்டும் பணம் இது. இருபது தவணை சாட்சியம் நடந்த வழக்கென்றால் பக்கங்கள் கூடும், தொகையும் கூடும். இதைக் கட்டும்படி அறிவித்தல் வரும். கட்டாவிட்டால் மேன்முறையீடு நிராகரிக்கப்படலாம். சிக்கல் என்னவென்றால், அந்த அறிவித்தல் வருவது நீங்கள் ஏட்டில் கொடுத்திருக்கும் முகவரிக்கு. வழக்குத் தொடங்கும்போது சுன்னாகம் சபாபதிப்பிள்ளை முகாமில் இருந்தவர், இப்போது கீரிமலையில் வீட்டுத்திட்ட வீட்டில் இருப்பார். இடம்பெயர்ந்த ஒருவரின் வாழ்க்கையில் ஐந்து முகவரிகள் வந்து போகின்றன. நீதிமன்ற ஏட்டில் முதலாவதுதான் இருக்கும். முகவரி மாறினால் சட்டத்தரணியூடாக நீதிமன்றத்துக்கு எழுத்தில் அறிவியுங்கள். பழைய முகாம் முகவரிக்குப் போன கடிதம் திரும்பி வந்தது உங்கள் காதுக்கு எட்டாமலே மேன்முறையீடு முடிந்துவிடும்.

இன்னொரு தவறான எண்ணம்: ‘மேன்முறையீடு போட்டாச்சு, இனி வீட்டைவிட்டு எழுப்ப முடியாது.’ முடியும். வென்றவர், மேன்முறையீடு நிலுவையில் இருக்கும்போதே தீர்ப்பை நிறைவேற்றும்படி 763ஆம் பிரிவின் கீழ் விண்ணப்பிக்கலாம். அதைத் தடுக்க விரும்பினால், உங்களுக்குக் கணிசமான இழப்பு ஏற்படும் என்று காட்டவேண்டும். நீதிமன்றம் கேட்கும் பிணையையும் வைக்கவேண்டும். முன்னர் வைத்த செலவுப் பிணை வேறு, இது வேறு. வழக்குக் காணியில் குடியிருப்பவர் இந்தத் தொகைக்கும் மனத்தளவில் தயாராக இருக்கவேண்டும். பிஸ்கால் படலைக்கு வந்தபின் பணம் தேடமுடியாது.

கட்டவே வழியில்லாதவர் என்ன செய்வது? சட்டக்கோவையில் வறியவராக வழக்காடுவதற்கும், வறியவராக மேன்முறையீடு செய்வதற்கும் தனியான ஏற்பாடுகள் உண்டு. அதிகம் பயன்படுத்தப்படாத ஏற்பாடுகள். அனுமதி கேட்பவரின் வருமானத்தையும் சொத்தையும் நீதிமன்றம் பார்க்கும். தீர்ப்பில் பிழை இருப்பதாகத் தோன்றுகிறதா என்பதையும் பார்க்கும். கிராம அலுவலரின் வருமானச் சான்று, சமுர்த்தி அல்லது அஸ்வெசும ஆவணம், மீள்குடியேற்றப் பதிவு ஆகியவற்றைத் தீர்ப்பு நாளுக்கு முன்பே எடுத்து வைப்பது நல்லது. தெல்லிப்பழைப் பிரதேச செயலகத்துக்கு நடக்கும் நாட்களும் அந்த 14 நாளுக்குள்தான் எண்ணப்படும். ‘காணிக்கு வழக்குப் போடுகிறவர் எப்படி வறியவர்?’ என்ற கேள்வி எழும். வழக்கிலுள்ள காணியே கைக்கு வரவில்லை என்பதைச் சொல்லத் தயங்கவேண்டாம்.

1978ஆம் ஆண்டின் 27ஆம் இலக்கச் சட்டத்தால் அமைந்த சட்ட உதவி ஆணைக்குழுவின் நிலையம் யாழ்ப்பாணத்திலும் இயங்குகிறது. வருமானம் குறைந்தவர்களுக்குச் சட்டத்தரணியை அங்கே பெறலாம். பதின்மூன்றாவது நாளில் போய் நிற்காதீர்கள். தீர்ப்புத் திகதி குறிக்கப்பட்ட உடனேயே போய், தோற்றால் என்ன செய்வீர்கள், எந்தச் செலவு என் தலையில் வரும் என்று கேட்டு வைத்திருங்கள்.

தமிழ்நாட்டு முகாம்களிலிருந்து திரும்பியவர்கள் அங்குள்ள நீதிமன்றக் கட்டணத்தோடு இதை ஒப்பிட்டுக் குழம்புவதுண்டு. அங்கே வழக்கின் பெறுமதியில் ஒரு வீதம் கட்டணம். 2017 வரை 7.5 சதவீதமாக இருந்து பிறகு 3 சதவீதமாகக் குறைக்கப்பட்டது. மேன்முறையீட்டுக்கும் பெறுமதிப்படியே கட்டவேண்டும். இலங்கையில் அப்படி ஒரு பெரும் வீதம் இல்லை. இங்கே ஆளைச் சாய்ப்பது முத்திரையின் தொகையைவிட நாள்தான்.

நாள் தவறிப்போனவருக்கு 765ஆம் பிரிவு ஒரு சிறிய கதவைத் திறந்து வைத்திருக்கிறது. தனது கட்டுப்பாட்டுக்கு அப்பாற்பட்ட காரணத்தால் உரிய காலத்தில் வரமுடியவில்லை, மேன்முறையீட்டுக்கு நல்ல காரணம் இருக்கிறது, இடைக்காலத்தில் நடந்த எதுவும் இதை அனுமதிப்பதை அநீதியாக்காது என்ற மூன்றையும் காட்டினால் காலம் கடந்தும் அனுமதிக்கலாம். மருத்துவமனையில் இருந்ததற்கு நோயாளர் அட்டை போன்ற எழுத்துச் சான்று வேண்டும். ‘காசு கிடைக்கவில்லை’ என்பது தனித்து நிற்கும் காரணமாக ஏற்கப்படும் என்று எதிர்பார்க்காதீர்கள். காணி அபகரிப்புக்கு எதிரான ஆட்சியுரிமைக் கால எல்லையில், போரால் பாதிக்கப்பட்டவர்களுக்கு 2016ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டம் தனிச் சலுகை கொடுத்தது. அது வழக்குத் தொடுப்பதற்கான சலுகை; இரண்டு ஆண்டுகளில் காலமும் முடிந்துவிட்டது. மேன்முறையீட்டு நாட்களுக்கு அப்படி ஒரு சலுகை எக்காலத்திலும் அதில் இருக்கவில்லை.

யாழ்ப்பாணத்திலும் தோற்றால், அடுத்தது கொழும்பு புதுக்கடையில் உயர் நீதிமன்றம். அங்கே நேரே போகமுடியாது. முக்கியமான சட்டக் கேள்வி இருக்கிறது என்று காட்டி, ஆறு வாரத்துக்குள் அனுமதி கேட்கவேண்டும். செலவு வேறு தரத்துக்கு ஏறும் இடம் இது. மேன்முறையீடு கேட்கும் நீதிமன்றத்தின் மொழி வேறாக இருந்தால், வழக்கேடு அந்த மொழியிலும் தயாரிக்கப்படவேண்டும் என்று அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரை சொல்கிறது. ஆனால் அனுமதி மனுவைத் தயாரிக்கும் கட்டத்தில், தமிழில் உள்ள தீர்ப்பையும் சாட்சியத்தையும் ஆங்கிலத்துக்கு மாற்றும் செலவு நடைமுறையில் மனுதாரரின் கையிலிருந்தே போகிறது. நான்கு பரப்புக் காணிக்காகப் புதுக்கடைக்குப் போவதா என்று முடிவெடுக்கும் குடும்பங்கள், சட்டத்தரணியின் கட்டணத்தைக் கேட்பதோடு, மொழிபெயர்ப்புக்கு எத்தனை பக்கம், பக்கத்துக்கு எவ்வளவு என்பதையும் அதே இருப்பில் கேட்டுக்கொள்ளவேண்டும்.